ரகசியம் பேசத் தெரியாத முப்பத்தெட்டுப் பேர்

வேலைநிறுத்தத்தைப் பற்றி எடுத்த படத்தில் என் மனைவி பதினொரு விநாடி வருகிறாள். நான் கடிகாரம் பழுதுபார்ப்பவன். இந்த விஷயத்தில் யாரும் என்னோடு சண்டைக்கு வர முடியாது. மூன்று தடவை போட்டுப் பார்த்து உறுதி செய்துகொண்டேன். முதல் நான்கு விநாடி கையை உயர்த்திக் கோஷம் போடுகிறாள். அடுத்த ஐந்து விநாடி யாரையோ பார்த்துச் சிரிக்கிறாள். கடைசி இரண்டு விநாடியில் ஒரு குடை வந்து அவளை மறைத்துவிடுகிறது. அந்தக் குடைக்காரரை நான் இன்னும் மன்னிக்கவில்லை.

படம் எடுத்தவர்கள் நல்ல பிள்ளைகள்தான். குறை சொல்ல மாட்டேன். என்னிடமும் வந்து, "உங்க மனைவியைப் பத்தி ஒரு ரெண்டு நிமிஷம் சொல்லுங்க" என்று கேட்டார்கள். பத்தொன்பது வருஷத்தை எப்படி இரண்டு நிமிடத்தில் சொல்வது? எனக்குக் கோபம் வந்துவிட்டது. "அவ நல்லவ" என்று மட்டும் சொல்லிவிட்டுக் கடைக்குள் போய்விட்டேன். அதைக்கூடப் படத்தில் சேர்க்கவில்லை. அதனால்தான் இப்போது உட்கார்ந்து எழுதுகிறேன்.

எங்கள் தெருவுக்குப் பின்னால் ஓர் ஆணி ஆலை இருக்கிறது. செருப்புக்கு அடிக்கிற பொடி ஆணியிலிருந்து உத்தரத்துக்கு அடிக்கிற சாண் நீள ஆணி வரை எல்லாம் அங்கே பிறக்கிறது. கம்பிச் சுருளை இயந்திரத்தின் ஒரு பக்கம் கொடுத்தால், அது இழுத்து, வெட்டி, ஒரு முனையைக் கூராக்கி, மறுமுனையில் ஓங்கி ஓர் அடி அடித்துத் தலையை உண்டாக்கும். நிமிடத்துக்கு முந்நூறு அடி. அப்படி முப்பத்தெட்டு இயந்திரங்கள், ஒரே கூடத்தில், தகரக் கூரைக்குக் கீழே. ஓட்டுகிறவர்கள் முப்பத்தெட்டுப் பெண்கள். என் மனைவி ஒன்பதாம் இயந்திரம்.

ஒருநாள் அவள் சாப்பாட்டுத் தூக்கை மறந்துவிட்டுப் போய்விட்டாள் என்று கொண்டுபோய்க் கொடுத்தேன். கூடத்து வாசலில் நின்ற ஐந்து நிமிடத்தில் என் பல்லெல்லாம் ஆடுவது போல இருந்தது. தரை நடுங்கியது. அன்று சாயங்காலம் வரை ஒரு வண்டு என் காதுக்குள் குடியிருந்தது. சின்னக் கைக்கடிகாரத்தைக் காதில் வைத்துக் கேட்டே கோளாறைச் சொல்கிறவன் நான். அன்றைக்கு ஒரு வேலையும் ஓடவில்லை.

அந்தக் கூடத்தில் வாயால் பேசிப் புண்ணியமில்லை. அதனால் அவர்கள் கையால் பேசுவார்கள். முஷ்டியை உள்ளங்கையில் வைத்தால் 'இயந்திரத்தை நிறுத்து'. மணிக்கட்டைத் தட்டினால் நேரம். இரண்டு கையாலும் இடுப்பைப் பிடித்துக் கால்சட்டையை மேலே இழுப்பது போலச் செய்தால் 'மேற்பார்வையாளர் வருகிறார்'. பாவம், அந்த மனிதருக்கு இடுப்பே கிடையாது, கால்சட்டை நிற்காது. இந்தக் கைப்பேச்சிலேயே சமையல் குறிப்பு சொல்வார்கள், மாமியாரைத் திட்டுவார்கள், முந்தின நாள் பார்த்த சினிமாவைச் சண்டைக் காட்சியோடு சொல்லி முடிப்பார்கள். மேற்பார்வையாளர் நடுவில் நடந்து போவார். இவர்கள் வியர்வை துடைக்கிறார்கள் என்று நினைத்துக்கொள்வார்.

கூடத்தில் கையால் பேசிவிட்டு, வெளியே வந்ததும் வாயைத் திறப்பார்கள். அங்கேதான் பிரச்சினை.

எங்கள் வீட்டில் உப்பு தீர்ந்தால் நான் கடைக்குப் போய்க் கேட்க வேண்டியதில்லை. தெருக்கோடிக் கடைக்காரர் எடுத்துக் கட்டி வைத்திருப்பார். எனக்கு மூலம் வந்தபோது நான் அவளிடம் மட்டும், கதவைச் சாத்திவிட்டுச் சொன்னேன். "மூலமா? எப்போலேருந்து?" என்று ஒரே ஒரு கேள்விதான் கேட்டாள். மறுநாள் காலை டீக்கடைக்காரர் என் நாற்காலியில் ஒரு தலையணையைப் போட்டு வைத்திருந்தார். தெருவில் அவளுக்கு 'ஸ்பீக்கர்' என்று பெயர். எனக்கு 'மெதுவா' என்று பெயர், ஏனென்றால் ஒரு நாளைக்கு நூறு தடவை நான் சொல்கிற சொல் அதுதான். மெதுவா பேசு. மெதுவா, மெதுவா. "மெதுவா அண்ணே, டீ ஆறுது" என்றுதான் டீக்கடைக்காரர் கூப்பிடுவார்.

இதில் வேடிக்கை என்னவென்றால், கல்யாணம் பேசப் போனபோது அவளுக்குக் குரலே இல்லை. பெரியவர்கள் எழுந்து வெளியே போனதும், "உனக்கு இஷ்டமா?" என்று கேட்டேன். ஏதோ சொன்னாள். கேட்கவில்லை. மறுபடி கேட்டேன். மறுபடியும் உதடு மட்டும்தான் அசைந்தது. மூன்றாவது தடவை குனிந்து காதைக் கொடுத்த பிறகுதான் "இஷ்டம்தான்" என்பது விழுந்தது. அப்பாடா, வீடு அமைதியாக இருக்கும், நிம்மதியாகத் தொழில் பார்க்கலாம் என்று சந்தோஷமாகக் கட்டிக்கொண்டேன். நன்றாக ஏமாந்தேன் என்று பல வருஷம் எல்லோரிடமும் சொல்லிச் சிரித்துக்கொண்டிருந்தேன். அந்தச் சிரிப்பைப் பற்றிப் பின்னால் சொல்கிறேன்.

பத்தாம் இயந்திரத்தில் நிற்பவள் என் மனைவிக்கு அக்கா மாதிரி. அவளுக்கு 'அரைவார்த்தை' என்று பெயர். எந்த வாக்கியத்தையும் பாதியில் விட்டுவிடுவாள். மீதியை என் மனைவி முடித்து வைப்பாள். "இன்னிக்கு மழை..." என்பாள் அக்கா. "வரும்போல இருக்கு" என்பாள் இவள். படுத்த படுக்கையாக இருக்கும் அம்மாவையும் படிக்கிற மகளையும் அந்த ஒரு வேலையை வைத்துத்தான் அக்கா காப்பாற்றிக்கொண்டிருந்தாள்.

ஒருநாள் அக்காவின் இயந்திரத்தில் கம்பி முறுக்கிக்கொண்டு சிக்கியது. மேற்பார்வையாளர் அவளுக்குப் பின்னாலிருந்து, "நிறுத்து, நிறுத்து" என்று கத்தினாராம். அக்கா நிறுத்தவில்லை. உள்ளே அச்சு உடைந்து இரண்டு துண்டாகிவிட்டது. மறுநாள் காலையில் கையில் ஒரு கடிதம் கொடுத்தார்கள்: உத்தரவைக் கேட்டும் வேண்டுமென்றே மதிக்காமல் நடந்ததற்காக வேலையிலிருந்து நீக்கம்.

என் மனைவி வீட்டுக்கு வந்து அந்தக் கடிதத்தை எனக்குப் படித்துக் காட்டினாள். அதாவது தெருவுக்கே படித்துக் காட்டினாள்.

"வேணும்னே மதிக்கலையாம்! இருபத்திரண்டு வருஷமா ஒரு நாள் லேட்டா போகாத மனுஷி! இவன் பின்னாடி நின்னு கத்தினா..." என்றவள் சட்டென்று நிறுத்திக்கொண்டாள்.

ஜன்னலைச் சாத்தினாள். பிறகு கையைத் தூக்கி, காதைத் தொட்டு, விரல்களை விரித்துக் காட்டினாள். காலி.

"அக்காவுக்குக் காது கேக்காதா?" என்றேன்.

என் வாயைப் பொத்தினாள். சில வருஷங்களுக்கு முன்னால் இருபத்திரண்டாம் இயந்திரத்துப் பெண் ஒருத்தி, சரியாகக் கேட்கவில்லை, டாக்டரிடம் போக வேண்டும் என்று லீவு கேட்டிருக்கிறாள். 'காது கேட்காதவர்கள் இயந்திரத்துக்குப் பக்கத்தில் நிற்பது ஆபத்து' என்று அவளை அன்றைக்கே வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள். ஆகவே உண்மையைச் சொன்னாலும் அக்காவுக்கு வேலை போகும், சொல்லாவிட்டாலும் போகும்.

"உனக்கு?" என்று கேட்டேன்.

"எனக்கென்ன, நல்லா கேக்குது" என்றாள். நானும் நம்பினேன்.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் என் கடையில் கூட்டம். ஏழு பெண்கள். காதும் காதும் வைத்த மாதிரி முடிய வேண்டிய விஷயம் என்று என் மனைவி சொல்லியிருந்தாள். நான் ஷட்டரை இறக்கிவிட்டு மூலையில் உட்கார்ந்திருந்தேன். கடை என்ன பெரிய மண்டபமா? ஏழு பேரும் பெஞ்சிலும் ஸ்டூலிலும் என் வேலை மேஜையிலும் ஒண்டிக்கொண்டு, தலையோடு தலை சேர்த்து, ரகசியம் பேச ஆரம்பித்தார்கள். சுவரில் மாட்டியிருந்த கடிகாரம் ஒன்றின் கண்ணாடி அதிர்ந்தது.

"புதன்கிழமை பத்து மணிக்கு எல்லா மெஷினையும் நிறுத்தறோம்! யாருக்கும் தெரியக் கூடாது!"

"அக்காவைத் திரும்ப எடுத்தாத்தான் மறுபடி ஓட்டுவோம்! வேற எதுவும் கேக்க வேணாம்!"

"மெதுவா" என்றேன் நான்.

"மெதுவாத்தானே பேசறோம்?" என்று ஏழு பேரும் ஒரே குரலில் கேட்டார்கள். சத்தியமாக அவர்கள் அப்படித்தான் நினைத்தார்கள்.

திங்கட்கிழமை காலை டீக்கடைக்காரர் டம்ளரை என் முன்னால் வைத்துவிட்டு, "புதன்கிழமை பத்து மணிக்குத்தானே, மெதுவா அண்ணே? நான் கூட ரெண்டு லிட்டர் பால் சொல்லி வெச்சிருக்கேன்" என்றார்.

புதன்கிழமை முப்பத்தேழு பேரும் வீராவேசமாக ஆலைக்குப் போனார்கள். கேட் பூட்டியிருந்தது. ஒரு அட்டை தொங்கியது: 'பராமரிப்புப் பணிக்காக இன்று விடுமுறை.'

என் மனைவி கடைக்கு வந்து ஸ்டூலில் தொப்பென்று உட்கார்ந்தாள். "ஏங்க, ஸ்ட்ரைக் பண்ணப் போனா லீவு விட்டுட்டான். லீவுல எப்படிங்க ஸ்ட்ரைக் பண்றது?" என்றாள். எனக்கு அடக்க முடியவில்லை. சிரித்துவிட்டேன். முறைத்துப் பார்த்தாள். பிறகு அவளுக்கும் சிரிப்பு வந்துவிட்டது. இரண்டு பேரும் கண்ணில் தண்ணீர் வரச் சிரித்தோம். சிரித்து முடித்ததும், "இனிமே வாயைத் திறந்தா ஏன்னு கேளுங்க" என்று எழுந்து போனாள்.

வியாழக்கிழமை ஆலை திறந்தது. நிர்வாகத்துக்குச் சந்தோஷம், முளையிலேயே கிள்ளிவிட்டோம் என்ற நினைப்பு. மேற்பார்வையாளர் கால்சட்டையை இழுத்துவிட்டுக்கொண்டே வரிசை வரிசையாக நடந்தார். எல்லோருடைய வாயையும் பார்த்தார். ஒருத்தியும் வாயைத் திறக்கவில்லை. ஒன்பதாம் இயந்திரத்திலிருந்து ஒரு கை மணிக்கட்டைத் தட்டியது, ஓர் உள்ளங்கையில் முஷ்டி உட்கார்ந்தது. எட்டாம் இயந்திரம் அதை ஏழுக்குச் சொன்னது, பதினொன்று பன்னிரண்டுக்குச் சொன்னது. அவர் மூக்குக்கு முன்னாலேயே முழுக் கூட்டமும் நடந்து, விவாதம் முடிந்து, பதினொன்று இருபது என்று நேரமும் குறித்தாகிவிட்டது. அவர் ஒருத்தியிடம் போய், "என்னம்மா, ரொம்ப வியர்க்குதா?" என்று விசாரித்தாராம்.

பதினொன்று இருபதுக்கு முப்பத்தேழு கைகள் முப்பத்தேழு சுவிட்சை இறக்கின. அக்காவின் பத்தாம் இயந்திரம் ஏற்கெனவே ஓடவில்லை.

அந்த நொடியைப் பற்றி என் மனைவி எத்தனையோ தடவை சொல்லியிருக்கிறாள். அமைதியாகிவிட்டது என்று சொல்ல மாட்டாள். "தரை நின்னுடுச்சுங்க" என்பாள். அத்தனை வருஷமாக உள்ளங்காலில் ஏறிக்கொண்டிருந்த நடுக்கம் நின்றதும், பஸ்ஸிலிருந்து இறங்கினவர்கள் போல எல்லோருக்கும் ஒரு தள்ளாட்டம். ஒருவரை ஒருவர் பிடித்துக்கொண்டு சிரித்திருக்கிறார்கள். அப்படியே பிடித்துக்கொண்டே கேட்டுக்கு வெளியே வந்து உட்கார்ந்துவிட்டார்கள்.

பதினேழு நாள். அதைப் போல ஒரு பதினேழு நாளை எங்கள் தெரு பார்த்ததில்லை. நான் கடையிலிருந்த பெரிய சுவர்க் கடிகாரத்தைக் கொண்டுபோய், கேட்டுக்கு எதிரே அவர்கள் போட்ட பந்தலின் கம்பத்தில் மாட்டினேன். வேலைநிறுத்தத்திலும் அவர்கள் ஷிப்டு நேரம் தவறவில்லை. ஏழரைக்கு டாண் என்று வருவார்கள், பத்தே காலுக்கு டீ, ஒரு மணிக்குச் சாப்பாடு, நாலு மணிக்கு வீடு. ஒருத்தி பத்து நிமிடம் லேட்டாக வந்துவிட்டு, "மன்னிச்சிடுங்க, பஸ் வரலை" என்று எல்லோரிடமும் சொன்னாள். ஆலைக்கு லேட்டாகப் போனால்கூட அவ்வளவு வெட்கப்பட்டிருக்க மாட்டாள்.

இரண்டாம் நாள் ஒரு போலீஸ்காரர் வந்தார்.

"ஒலிபெருக்கிக்கு அனுமதி வாங்கலையே. எடுங்க அதை."

"எங்க சார் இருக்கு?" என்றாள் என் மனைவி.

"விளையாடாதீங்க. ரெண்டு தெரு தள்ளி ஸ்டேஷன் வரைக்கும் கேக்குது."

"தேடிப் பாத்து எடுத்துக்கங்க சார்."

மனிதர் பந்தலுக்குப் பின்னால் போய்ப் பார்த்தார், பெஞ்சுக்கு அடியில் குனிந்து பார்த்தார், மரத்தின் மேலே அண்ணாந்து பார்த்தார். அப்போது பத்தே கால் ஆனது. "டீ!" என்று என் மனைவி டீக்கடைப் பக்கம் திரும்பிக் குரல் கொடுத்தாள். போலீஸ்காரர் தொப்பியைச் சரிசெய்துகொண்டு நடையைக் கட்டினார். பிறகு தினமும் அந்த நேரத்துக்குத் தவறாமல் டீ குடிக்க வந்தார்.

படம் எடுக்கிறவர்கள் வந்ததும் அப்போதுதான். ஒலிப்பதிவு செய்த பெண் முதல் கோஷத்திலேயே காதில் மாட்டியிருந்ததைக் கழற்றி எறிந்துவிட்டு, "அம்மா, கொஞ்சம் தள்ளி நின்னு பேசுங்கம்மா" என்றாள். இவர்கள் பத்தடி தள்ளிப் போனார்கள். "இன்னும் கொஞ்சம்." கடைசியில் சாலைக்கு அந்தப் பக்கம் நின்று கோஷம் போட்டார்கள். படத்தில் அவர்கள் ஏன் அவ்வளவு தூரத்தில் தெரிகிறார்கள் என்று கேட்பவர்களுக்கு இதுதான் பதில்.

எல்லாம் சிரிப்பாகவே போய்விடவில்லை. பதினைந்தாம் நாள் கேட்டில் ஒரு அறிவிப்பு ஒட்டினார்கள்: திங்கட்கிழமை காலை வேலைக்குத் திரும்பாதவர்கள் எல்லோருக்கும் அதே நீக்கக் கடிதம். முதல் தடவையாக அந்தத் தெருவில் என் கடிகாரத்தின் டிக் டிக் எனக்குக் கேட்டது.

அக்கா எழுந்தாள். "என்னால எல்லாருக்கும்... நான் வேணும்னா..." என்று வழக்கம் போலப் பாதியில் விட்டாள்.

எல்லோரும் என் மனைவியைப் பார்த்தார்கள். அவள்தானே முடித்து வைக்க வேண்டும்?

"நீ பாதி சொன்னா மீதி நான்தான் சொல்லணும். இருபத்திரண்டு வருஷமா அதுதான் ஒப்பந்தம்" என்றாள். ஆலையில் அவளுக்குப் பத்தொன்பது வருஷம்தான். ஆவேசத்தில் மூன்றைக் கூட்டிக்கொண்டாள். "மீதி இதுதான்: நீ பத்தாம் மெஷின்ல மறுபடி வந்து நிக்காம ஒன்பதாம் மெஷின் ஓடாது. உக்காரு."

"எட்டும் ஓடாது" என்றாள் ஒருத்தி. "பதினொண்ணும்." அப்படியே முப்பத்தெட்டு வரை எண்ணி முடித்தார்கள். நான் கடிகாரத்துக்குச் சாவி கொடுக்கிற மாதிரி முதுகைக் காட்டி நின்றுகொண்டேன்.

பதினேழாம் நாள் தொழிலாளர் அலுவலகத்தில் பேச்சுவார்த்தை. நிர்வாகத்தின் சார்பில் மேலாளரும் மேற்பார்வையாளரும். பெண்கள் சார்பில் என் மனைவியையும் சேர்த்து ஆறு பேர், கூடவே அக்கா. நான் சாப்பாட்டுத் தூக்கோடு நடைபாதை பெஞ்சில் உட்கார்ந்திருந்தேன். அறைக்கதவு திறந்தே இருந்ததால் எல்லாம் தெரிந்தது. அதிகாரி ஒரு பெண்மணி. மூக்குக் கண்ணாடியைக் கழற்றிக் கழற்றி மாட்டுகிற வழக்கம். அவர் நேராக விஷயத்துக்கு வந்தார்.

"நிறுத்தச் சொன்னது கேட்டுதா, இல்லையா? அதுதான் கேள்வி" என்றார் அதிகாரி.

"நல்லா கேட்டிருக்கும் மேடம். எங்க ஆலையில யாருக்கும் காதுல ஒரு குறையும் கிடையாது. அவங்களையே கேட்டுப் பாருங்க" என்றார் மேலாளர். அவருக்குத் தெரியும், இவர்கள் சொல்ல மாட்டார்கள் என்று.

அதிகாரி ஒவ்வொருத்தியாகக் கேட்டார். "உங்களுக்கு நல்லா கேக்குதாம்மா?"

"நல்லா கேக்குது மேடம்." "எனக்கும்." "எனக்கென்ன மேடம், ஊசி விழுந்தாக் கேக்கும்." இது என் மனைவி. அக்காவும் தலையை ஆட்டினாள். மேலாளர் நாற்காலியில் நன்றாகச் சாய்ந்துகொண்டார். அவ்வளவுதான், எல்லாம் முடிந்தது என்று நினைத்தேன்.

அதிகாரிக்கு ஏதோ நெருடியிருக்க வேண்டும். "பக்கத்து அறைக்குப் போய் நீங்க தனியா ஒரு அஞ்சு நிமிஷம் பேசி முடிவு பண்ணிட்டு வாங்க" என்று பழைய கோப்புகள் இருக்கும் அறைக்கு அவர்களை அனுப்பினார். நடுவில் இருந்தது ஒரு ப்ளைவுட் தடுப்பு. கதவைச் சாத்திக்கொண்டார்கள். தாழ்ப்பாள்கூடப் போட்டார்கள்.

பிறகு ரகசியம் பேசினார்கள்.

"உண்மையைச் சொல்லிடலாமாடி?"

"சொன்னா அக்காவோட சேத்து எல்லாரையும் அனுப்பிடுவான்! எனக்கு வலது காது போயே நாலு வருஷம் ஆச்சு!"

"எனக்கு வீட்டுல குழந்தை அழறது கேக்காது, மாமியார் வந்து உலுக்குவாங்க!"

"எனக்கு..." என்று அக்கா ஆரம்பிப்பது கேட்டது. "அவர் கத்தினப்போ எனக்கு..."

"ஒண்ணுமே கேக்கல. தெரியும்க்கா" என்றாள் என் மனைவி. "எனக்கும் அப்படித்தான். எங்க வீட்டுக்காரர் மெதுவா பேசு மெதுவா பேசுன்னு சொல்றாரு. அதுவே அவரு உதட்டைப் பாத்துத்தான் எனக்குத் தெரியும். கடிகாரத்தைக் காதுல வெச்சுக் கேக்கச் சொல்வாரு, நானும் கேட்ட மாதிரி சிரிச்சிடுவேன். அவருக்குத் தெரிஞ்சா மனசு ஒடிஞ்சிடும். வெளிய உக்காந்திருக்காரு, மெதுவா பேசுங்க!"

நான் எழுந்துவிட்டேன். ஓடிப்போய்க் கதவைத் தட்டி, ஐயோ எல்லாம் கேட்கிறது, மெதுவா பேசுங்கள் என்று சொல்லத்தான் எழுந்தேன். பத்தொன்பது வருஷப் பழக்கம். கால் தானாகப் போனது. வாயில் அந்தச் சொல் வந்தும் விட்டது. அறை வாசலில் அதிகாரி நின்றுகொண்டிருந்தார். என்னைப் பார்த்து உதட்டில் விரலை வைத்தார்.

நான் திரும்பி வந்து உட்கார்ந்தேன். கல்யாணம் பேசப் போன வீட்டில் நான் குனிந்து காதைக் கொடுத்துக் கேட்ட அந்தப் பெண்ணை நினைத்துக்கொண்டேன். அவளுக்குக் குரல் பெரிதாகவில்லை. அவளுக்கே கேட்க வேண்டும் என்று கொஞ்சம் கொஞ்சமாக ஏற்றிக்கொண்டே வந்திருக்கிறாள். ஒரு நொடி பிந்துகிற கடிகாரத்தைக் காதில் வைத்தே கண்டுபிடிக்கிற நான், பக்கத்தில் படுத்திருந்தவளுக்குக் கேட்கவில்லை என்பதைக் கண்டுபிடிக்கவில்லை. ஊரெல்லாம் சொல்லிச் சிரித்திருக்கிறேன். என் மேலேயே எனக்கு அவ்வளவு கோபம் வந்தது.

கதவு திறந்து ஏழு பேரும் வெளியே வந்தார்கள், முகத்தில் ஒன்றும் தெரியாத பாவனையோடு. "பேசி முடிச்சிட்டோம் மேடம். எங்களுக்கு எல்லாம் நல்லா கேக்குது" என்றாள் என் மனைவி.

அதிகாரி கண்ணாடியைக் கழற்றினார். "நீங்க உள்ள பேசினது கீழ் மாடி வரைக்கும் கேட்டுதும்மா."

"நாங்க ரகசியமாத்தானே பேசினோம்?" என்று ஏழு பேரும் ஒரே குரலில் கேட்டார்கள். கண்ணாடிக் கதவு அதிர்ந்தது.

அதிகாரி மேலாளர் பக்கம் திரும்பினார். மேலாளர் முகத்தில் ஈயாடவில்லை. "இது பேசி வெச்ச நாடகமா சார்? இவங்களுக்கு ரகசியம் பேசக்கூட வரலை. உத்தரவு காதுலயே விழாதவங்க அதை எப்படி மதிக்காம இருக்க முடியும்? அந்தக் கடிதம் செல்லாது. இன்னொண்ணும் கேட்டுக்கங்க. வேலையால போன காதுக்கு ஆலைதான் பொறுப்பு. அதைச் சொல்லி ஒருத்தரை அனுப்பினாலும் நான் சும்மா விட மாட்டேன். முப்பத்தெட்டுப் பேருக்கும் காதுப் பரிசோதனை, உங்க செலவுல" என்றார் அதிகாரி.

பெண்கள் ஏழு பேரும் அவர் உதட்டையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். கடைசிச் சொல் முடிந்ததும் அக்கா, "அப்போ நான்..." என்றாள்.

"திங்கட்கிழமையே வேலைக்கு வர்றே!" என்றாள் என் மனைவி. பந்தலில் காத்திருந்தவர்களுக்கு யாரும் போய்ச் சொல்ல வேண்டியிருக்கவில்லை. அலுவலகத்துக்கும் பந்தலுக்கும் நடுவில் மூன்று தெரு.

திங்கட்கிழமை காலை என் கடிகாரத்தைக் கழற்றிக்கொண்டு வரப் போனேன். வேலிக்கு வெளியிலிருந்து கூடம் தெரிந்தது. ஏழரை மணிக்கு அக்கா பத்தாம் இயந்திரத்தின் முன்னால் நின்றாள். சுற்றிலும் எல்லோரும் சுவிட்சில் கை வைத்துக் காத்திருந்தார்கள். முதலில் பத்தாம் இயந்திரம்தான் ஓடியது.

பரிசோதனையில் முப்பத்தெட்டுப் பேரில் முப்பத்தொரு பேருக்குக் காது பழுது. எல்லோருக்கும் காதுக்கு மாட்டுகிற மூடி வந்தது. ஒவ்வொரு இயந்திரத்துக்கும் மேலே சிவப்பு விளக்கு வந்தது. மேற்பார்வையாளர் கைப்பேச்சு கற்றுக்கொள்ள வேண்டும் என்பதும் ஒப்பந்தத்தில் இருந்தது. மனிதர் ஒழுங்காகவே கற்றுக்கொண்டார். நிறுத்து, ஓட்டு, கம்பி தீர்ந்தது, எல்லாம் வந்துவிட்டது. ஒருநாள், "என்னைச் சொல்றதுக்கு என்ன சைகை?" என்று கேட்டாராம். முப்பத்தெட்டுப் பேரும் திடீரென்று மும்முரமாக வேலை பார்த்தார்கள். அவர் குழப்பத்தோடு கால்சட்டையை இழுத்துவிட்டுக்கொண்டார். "அதேதான் சார்" என்று அக்கா, வாழ்க்கையில் முதல் தடவையாக ஒரு வாக்கியத்தை முழுசாகச் சொன்னாள்.

காதுக் கருவி வர மூன்று மாதம் ஆனது. வந்த அன்று சாயங்காலம் என் மனைவியும் அக்காவும் நேராக என் கடைக்கு வந்தார்கள். என் மனைவி வாசற்படியில் ஒரு காலை வைத்ததும் அப்படியே நின்றுவிட்டாள்.

"ஐயோ, என்னங்க இது, இவ்வளவு சத்தம்!"

"எங்கே?" என்றேன் நான்.

சுவரைக் காட்டினாள். நாற்பத்திரண்டு கடிகாரங்கள், சின்னதும் பெரியதுமாக, அவரவர் பாட்டுக்கு ஓடிக்கொண்டிருந்தன. "பத்தொன்பது வருஷமா இந்தக் கடையில ஒரு சத்தமும் கிடையாதுன்னு நெனச்சேன். நிம்மதியான வேலைன்னு உங்க மேல பொறாமைகூடப் பட்டிருக்கேன். இந்த இரைச்சல்ல எப்படிங்க உக்காந்திருக்கீங்க?"

"அண்ணனும் ஒரு..." என்றாள் அக்கா.

"ஸ்ட்ரைக் பண்ண வேண்டியதுதான்" என்று முடித்தாள் என் மனைவி.

அக்கா ஒவ்வொரு கடிகாரமாகக் காதை வைத்துக் கேட்டுக்கொண்டு கடையின் அந்தக் கோடிக்குப் போய்விட்டாள். என் மனைவி ஸ்டூலை இழுத்துப் போட்டு என் பக்கத்தில் உட்கார்ந்தாள். நான் கையிலிருந்த சாமணத்தைக் கீழே வைத்தேன். குரலைத் தாழ்த்தி, உதட்டைக் கையால் மறைத்துக்கொண்டு, "உனக்கு இஷ்டமா?" என்று கேட்டேன்.

என்னை ஏற இறங்கப் பார்த்தாள். புரிந்துவிட்டது. முகம் சிவந்து போய், நாற்பத்திரண்டு கடிகாரங்களுக்கும் கேட்காத குரலில் பதில் சொன்னாள்.

எனக்கு முதல் தடவையே நன்றாகக் கேட்டுவிட்டது. ஆனாலும் மூன்று தடவை சொல்ல வைத்தேன்.